கைப்பற்றல் வேற, பறிமுதல் வேற: ஸ்டேஷன் வாசலில் நிற்கும் வண்டிகளின் வரலாறு

இந்த எபிசோடை ஒரே ஒரு வார்த்தையில இருந்து ஆரம்பிக்கலாம்னு இருக்கேன். அந்த வார்த்தை 'பறிமுதல்'.

தஞ்சாவூர் பதிப்பு நாளிதழ் எதை எடுத்தாலும் உள்பக்கத்துல இது இருக்கும். மணல் அள்ளிய டிராக்டர் பறிமுதல். மாட்டு வண்டிகள் பறிமுதல். காரைக்காலில் இருந்து சாராயம் ஏத்திட்டு வந்த கார் பறிமுதல். நாமும் படிச்சிட்டு, "சரி, வண்டி போச்சு"ன்னு அடுத்த செய்திக்குப் போயிடுவோம்.

ஆனா சட்டத்தோட கணக்குல அந்த வண்டி இன்னும் போகல. ராத்திரி ரோட்டுல எஸ்.ஐ. நிறுத்திப் பிடிக்கிறது 'கைப்பற்றல்'. வண்டி இப்போ போலீஸ் கையில இருக்கு, ஆனா உரிமை இன்னும் உங்களோடது. 'பறிமுதல்'ங்கிறது உரிமையே அரசாங்கத்துக்குப் போறது. அதுக்கு ஒரு கோர்ட்டோ, சட்டம் அந்த அதிகாரத்தைக் கொடுத்த ஒரு அதிகாரியோ, உங்க தரப்பைக் கேட்டு தனியா உத்தரவு போடணும். இந்த ரெண்டுக்கும் நடுவுல மாசக்கணக்கு ஆகலாம், வருஷக்கணக்கும் ஆகலாம்.

அந்த இடைவெளியில வண்டி எங்கே நிக்கும், யாரு பார்த்துக்குவாங்க, எந்த நிபந்தனையில வீட்டுக்குத் திரும்பும்? இன்னிக்குப் பேசப் போறது இதைத்தான். சின்ன விஷயம் மாதிரி தெரியும். ஆனா ஸ்டேஷன் வாசலில் வேப்பமரத்தடியில டயர் மண்ணுக்குள்ள இறங்கி, பேட்டரி செத்து, சீட்டுல செடி முளைச்சு நிக்கிற வண்டிகளை நினைச்சுப் பாருங்க. அதுல எத்தனைக்குப் பறிமுதல் உத்தரவு வந்திருக்கும்? உத்தரவே இல்லாம, துரு வேலையை முடிச்சிடுது.

மாட்டுப் பவுண்டு

கதை மோட்டார் வண்டிக்கு முன்னாடியே ஆரம்பிக்குது, மாட்டுல இருந்து.

1871-ல பிரிட்டிஷ் இந்தியாவுல கால்நடை அத்துமீறல் சட்டம்னு ஒண்ணு வந்துச்சு. டெல்டா மாதிரி வரப்புக்கு வரப்பு நெல் நிக்கிற ஊர்ல இதோட அவசியம் சொல்லாமலே புரியும். அடுத்தவன் மாடு என் நடவுல இறங்கி மேய்ஞ்சா, நான் அதைப் பிடிச்சு பவுண்டுல அடைக்கலாம். அபராதமும், அடைச்ச நாளுக்குத் தீவனச் செலவும் கட்டிட்டு மாட்டுக்காரர் ஓட்டிட்டுப் போகணும்.

இந்தச் சட்டத்தோட 15-ஆம் பிரிவுதான் எனக்கு முக்கியம். மாட்டுக்காரர் வந்து, "நீங்க பிடிச்சதே தப்பு, நான் மாஜிஸ்திரேட்கிட்ட புகார் கொடுக்கப் போறேன்"னு சொல்றாருன்னு வைங்க. அப்போ அவர் அபராதத்தையும் செலவையும் டெபாசிட்டா கட்டினா போதும், மாட்டைக் கொடுத்திடணும். யார் சொல்றது சரிங்கிறதை அப்புறம் முடிவு பண்ணிக்கலாம். வழக்கு ஒரு பக்கம் நடக்கட்டும், மாடு வீட்டுக்குப் போகட்டும்.

ஏன் இப்படி? மாட்டை ஃபைல்ல கட்டி வைக்க முடியாது. அது திங்கும், சாணி போடும், பால் வத்தும், செத்தும் போகலாம். காத்திருக்கிறதுக்கு ஒரு விலை இருக்குங்கிறதை அந்தச் சட்டம் எழுதினவங்க 'தீவனச் செலவு'ன்னு பேர் போட்டு கணக்குல ஏத்தினாங்க.

இரும்பு வண்டி வந்தப்போ நாம மறந்தது இதைத்தான். லாரிக்குப் பசிக்காது, அதனால நிக்கட்டும்னு விட்டுட்டோம். ஆனா அதுக்கும் தீவனம் உண்டு, அது மாசா மாசம் வர்ற இ.எம்.ஐ.

1923-ல் சேர்ந்த ஒரு பிரிவு

கிரிமினல் வழக்குகளுக்கான நடைமுறைச் சட்டம் 1898-ல வந்துச்சு. வழக்கு முடிஞ்ச பிறகு பொருளை என்ன செய்யணும்னு அதுல ஒரு பிரிவு இருந்துச்சு, 517. போலீஸ் கைப்பற்றி மாஜிஸ்திரேட்டுக்கு அறிக்கை கொடுத்த பொருளுக்கு இன்னொரு பிரிவு, 523. வழக்கு நடந்துட்டு இருக்கும்போது, கோர்ட்டுக்கு வந்துட்ட பொருளை யார் வச்சுக்கிறதுங்கிறதுக்காக 1923-ல ஒரு திருத்தம் போட்டு 516-ஏ பிரிவைச் சேர்த்தாங்க.

சுதந்திரத்துக்கு அப்புறம் 1973-ல புதுச் சட்டம் எழுதி, 1974 ஏப்ரல் 1-ல அது நடைமுறைக்கு வந்துச்சு. 516-ஏ அதுல 451 ஆச்சு. 523 அதுல 457 ஆச்சு. வக்கீல் ஆபீஸ்ல "451 பெட்டிஷன் போட்டாச்சா?"ன்னு கேட்பாங்களே, அந்த நம்பர்தான். விசாரணைக் கோர்ட் முன்னாடி பொருள் வந்திருந்தா 451. போலீஸ் அறிக்கை மட்டும் வந்திருக்கு, பொருள் இன்னும் விசாரணையில வரலன்னா 457. உரிமைக்காரர் யாருன்னு தெரிஞ்சா, மாஜிஸ்திரேட் தனக்குச் சரின்னு படுற நிபந்தனைகளோட பொருளை அவர்கிட்ட கொடுக்கலாம்னு 457 சொல்லுது. நம்ம 'நிபந்தனை'க்கு வேர் இங்கே இருக்கு.

1978-ல இன்னொரு திருத்தம். கைப்பற்றின பொருளைக் கோர்ட்டுக்குக் கொண்டு போறது வசதிப்படலன்னா, கூப்பிடும்போது கொண்டு வரேன்னு பத்திரம் எழுதி வாங்கிட்டு போலீஸே ஒருத்தர் பொறுப்புல விடலாம். அதாவது சட்டம் கதவை ரெண்டு மூணு இடத்துல திறந்தே வச்சிருந்துச்சு. ஆனாலும் வண்டிகள் வாசல்லயே நின்னுச்சு. ஏன்னா எல்லாப் பிரிவுமே 'செய்யலாம்'னு சொன்னதே தவிர, எத்தனை நாளுக்குள்ளன்னு சொல்லல.

ஸ்டேஷன் பத்திரமான இடமா?

'போலீஸ் ஸ்டேஷன்ல இருந்தா பத்திரமா இருக்கும்' என்கிற நம்பிக்கையை ரெண்டு வழக்குகள் அசைச்சுது.

முதல் வழக்கு 1977. பசவ்வா என்ற பெண்ணுக்கும் மைசூர் அரசுக்கும் நடந்தது. அவங்க வீட்டுல திருடு போன நகைகளைப் போலீஸ் மீட்டாங்க. ஆனா மீட்ட நகைகள் போலீஸ் காவல் அறையில இருந்தே காணாமப் போச்சு. பொருள் இல்லன்னா கொடுக்க என்ன இருக்குங்கிற கேள்வி உச்ச நீதிமன்றம் வரைக்கும் போச்சு. அரசோட பாதுகாப்புல இருந்தப்போ, உரிய எச்சரிக்கை எடுக்காததால பொருள் தொலைஞ்சிருக்கு, அதனால அதோட மதிப்பை அரசு கொடுக்கணும்னு கோர்ட் சொல்லிச்சு. தேவைக்கு மேல ஒரு நாள்கூட பொருளைக் கோர்ட்டோ போலீஸோ வச்சிருக்கக் கூடாதுங்கிறது அந்தத் தீர்ப்போட சாரம்.

ரெண்டாவது வழக்கு 2002 அக்டோபர் 1. சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் எதிர் குஜராத் அரசு. இங்கே குற்றம் சாட்டப்பட்டவங்களே போலீஸ்காரங்க. ஸ்டேஷன்ல இருந்த வழக்குச் சொத்துகளை மாத்தி வச்சாங்க, பணத்தை எடுத்துக்கிட்டாங்க, அனுமதி இல்லாம ஏலம் விட்டாங்கன்னு குற்றச்சாட்டு. வண்டி விடுவிப்புக்கு இன்னிக்கு நாடு முழுக்க எடுத்துக் காட்டப்படுற தீர்ப்பு இந்த வழக்குலதான் பிறந்துச்சு.

உச்ச நீதிமன்றம் சொன்னதை என் வார்த்தையில சொல்றேன். கைப்பற்றின வண்டிகளை ஸ்டேஷன்ல நீண்ட நாள் வச்சிருக்கிறதுல எந்தப் பிரயோஜனமும் இல்ல. மாஜிஸ்திரேட் உடனே உத்தரவு போடணும். தேவைப்பட்டா திரும்பக் கொண்டு வர்றதுக்குப் பத்திரமும் உத்தரவாதமும் வாங்கிக்கலாம். பொருளைப் பத்தி விவரமா மகஜர் எழுதி, போட்டோ எடுத்து வச்சுக்கணும். எதுவா இருந்தாலும் 15 நாள்ல இருந்து 1 மாசத்துக்கு மேல ஸ்டேஷன்ல இருக்கக் கூடாது. உரிமைக்காரரோ இன்ஷூரன்ஸ் கம்பெனியோ வண்டியைக் கேட்டு வரலன்னா ஏலம் விடலாம், அதுக்கான உத்தரவை 6 மாசத்துக்குள்ள போடணும்.

நான் பார்க்கிற வேலை சாஃப்ட்வேர்ங்கிறதால இதைப் படிச்சதும் எனக்குத் தோணினது ஸ்னாப்ஷாட். ஓடிட்டு இருக்கிற சிஸ்டத்தை விசாரிக்கணும்னா அதை வருஷக்கணக்கா நிறுத்தி வைக்க மாட்டோம். அந்த நேரத்து நிலையைப் பிரதி எடுத்துக்கிட்டு, சிஸ்டத்தைத் திரும்ப ஓட விடுவோம். கோர்ட் சொன்னதும் அதுதான். வழக்குக்குப் பெரும்பாலும் வேணும்கிறது வண்டியோட அடையாளம். அதாவது என்ஜின் நம்பர், சேஸிஸ் நம்பர், பிடிச்சப்போ அதுல என்ன இருந்துச்சு, எப்படி இருந்துச்சுங்கிறது. அது போட்டோவுலயும் மகஜர்லயும் இருக்கு. வண்டி வேலைக்குப் போகலாம்.

நடைமுறையில் என்ன கேட்கிறாங்க?

கும்பகோணத்துலயோ பாபநாசத்துலயோ ஒரு டிராக்டர் பிடிபட்டா வரிசை இப்படித்தான் போகும். முதல்ல எஃப்.ஐ.ஆர்., கூடவே கைப்பற்றின மகஜர். அப்புறம் சொத்துப் பட்டியலைப் போலீஸ் கோர்ட்டுக்கு அனுப்புவாங்க. தமிழ்நாட்டுல அதுக்குப் பேர் 'ஃபார்ம் 95'. அது கோர்ட்ல பதிவாகி நம்பர் விழுந்த பிறகுதான் மனு நகரும். வக்கீல்கள் முதல்ல கேட்கிற கேள்வியே "95 வந்துடுச்சா?"

அப்புறம் மனு, போலீஸ் தரப்பு ஆட்சேபம், உத்தரவு. உத்தரவுல இருக்கிற நிபந்தனைகள் பெரும்பாலும் ஒரே மாதிரிதான். ஒரிஜினல் ஆர்.சி.யைக் காட்டணும் அல்லது கோர்ட்ல ஒப்படைக்கணும். வண்டி மதிப்புக்குச் சொந்தப் பத்திரம், கூடவே ஜாமீன்தாரர்கள். வழக்கு முடியற வரைக்கும் விற்கக் கூடாது, பேர் மாத்தக் கூடாது, நிறமோ உருவமோ மாத்தக் கூடாது. கூப்பிட்டா கொண்டு வரணும். திரும்ப அதே மாதிரி குற்றத்துக்கு விடக் கூடாது. சில வழக்குகள்ல ரொக்க டெபாசிட்டும் உண்டு.

ஒவ்வொரு நிபந்தனையும் ஒரு பயத்துக்குப் பதில். விற்கக் கூடாதுன்னா, பிற்பாடு பறிமுதல் உத்தரவு வந்தா எடுக்க வண்டி இருக்கணும். நிறம் மாத்தக் கூடாதுன்னா, சாட்சி பார்த்து அடையாளம் சொல்லணும். ஜாமீன்தாரர் எதுக்குன்னா, வண்டி மாயமானா கேட்க ஒரு ஆள் வேணும். இது தண்டனை இல்ல, இது ஒரு கயிறு. மாட்டை அவிழ்த்து விட்டாலும் முளைக்குச்சி கோர்ட் கையில இருக்கு.

ஆனா கயிறோட நீளம் பணத்தைப் பொறுத்து மாறுது. 10 லாரி வச்சிருக்கிறவருக்கு டெபாசிட் ஒரு செலவுக் கணக்கு. கடன்ல ஒரே ஒரு டிராக்டர் வாங்கினவருக்கு அதே தொகையே கதவை மூடிடும். வண்டி மதிப்புக்கு ஜாமீன் போட, சொத்து வச்சிருக்கிற ரெண்டு பேரைத் தேடணும். நிலமில்லாதவங்களுக்கு ஜாமீன் போட வர்றவங்ககிட்ட எத்தனை பேருக்கு நிலம் இருக்கும்? அதோட டெல்டாவுல நாள் கணக்குக்கு வேற அர்த்தம். உச்ச நீதிமன்றம் சொன்ன 15 நாளையே எடுத்துக்குங்க. சம்பா உழவு நேரத்துல 15 நாள் டிராக்டர் நின்னா, அந்தப் போகத்துக் கூலி மொத்தமும் போச்சு.

ஆத்து மணலும் மறுபக்கமும்

இதுவரைக்கும் கேட்டா வண்டிக்காரர் பக்கம்தான் நியாயம்னு தோணும். அப்போ மணலைப் பேசியாகணும்.

சுந்தர்பாய் தீர்ப்பு வந்து சரியா ஒரு வருஷமும் ஒரு நாளும் கழிச்சு, 2003 அக்டோபர் 2-ல இருந்து, தமிழ்நாட்டுல ஆத்து மணல் குவாரிகளை அரசே எடுத்து நடத்த ஆரம்பிச்சுது. சிறு கனிம விதிகள்ல 38-ஏ என்ற புது விதி சேர்ந்து, தனியார் குத்தகைகள் முடிவுக்கு வந்துச்சு. அரசு குவாரிக்கு வெளியே ஆத்துல இறங்கி அனுமதி இல்லாம அள்ளினா, அது குற்றம்.

2014 செப்டம்பர்ல உச்ச நீதிமன்றம் டெல்லி அரசு எதிர் சஞ்சய் வழக்குல, அனுமதியில்லாம மணல் எடுக்கிறது கனிமச் சட்டத்துல மட்டும் இல்ல, இந்திய தண்டனைச் சட்டத்துல திருட்டாவும் வரும்னு சொல்லிச்சு. 2015-ல கனிமச் சட்டத்தைத் திருத்தி, தண்டனையை 5 வருஷம் வரைக்கும் உயர்த்தினாங்க, சிறப்பு நீதிமன்றங்களுக்கும் வழி பண்ணினாங்க. அதே சட்டத்தோட 21-ஆம் பிரிவுல வண்டியைக் கைப்பற்ற ஒரு உட்பிரிவு, கோர்ட் உத்தரவால பறிமுதல் செய்ய இன்னொரு உட்பிரிவு. 23-ஏ பிரிவுல பணம் கட்டி சமரசமா முடிச்சுக்கவும் ஒரு வழி. போலீஸ், வருவாய்த்துறை, கனிமவளத்துறை, கோர்ட்னு பல கதவுகள். எந்தக் கதவைத் தட்டணும்னு கண்டுபிடிக்கவே ஒரு ஆள் வேணும்.

2018-ஐ டெல்டாக்காரங்க மறக்க மாட்டாங்க. காவிரியில வெள்ளம். ஆகஸ்ட்ல திருச்சி கொள்ளிடத்துப் பழைய இரும்புப் பாலத்தோட தூண்கள் சாய்ஞ்சுது. ஆகஸ்ட் 22 ராத்திரி முக்கொம்பு மேலணையில 9 மதகுகள் அடிச்சுட்டுப் போச்சு. ஆர்தர் காட்டன் 1836-ல கட்டின அணை அது. தஞ்சாவூருக்கு வர்ற தண்ணி அங்கேதான் பிரியுது. மணல் அள்ளினதுதான் காரணம்னு பலர் குற்றம் சாட்டினாங்க, அரசு மறுத்துச்சு. காரணம் எதுவா இருந்தாலும், ஆத்துப் படுகைங்கிறது வெறும் மணல் குவியல் இல்லன்னு எல்லாரும் கண்ணால பார்த்த நாட்கள் அவை.

அதே வருஷம் அக்டோபர் 29. உயர் நீதிமன்ற மதுரைக் கிளை ஒரு உத்தரவு போட்டுச்சு. சட்டவிரோத மணல் வழக்குல சிக்கின வண்டிகளை விடுவிக்கக் கூடாது, பறிமுதல் நடவடிக்கையை எடுக்கணும். தஞ்சாவூர் மாவட்டம் மதுரைக் கிளைக்குக் கீழதான் வருது. பக்கத்துல இருக்கிற திருவாரூரும் நாகப்பட்டினமும் சென்னைக்குப் போகும்.

இதுக்குப் பின்னால இருக்கிற வாதத்தை லேசா தள்ளிட முடியாது. பத்திரம் எழுதிக் கொடுத்து வெளிய வந்த வண்டி அடுத்த வாரமே அதே ஆத்துல இறங்கினா, நிபந்தனைங்கிறது ஒரு நுழைவுக் கட்டணம் மாதிரி ஆயிடும். ஒரு லோடோட லாபத்துல டெபாசிட்டைக் கட்டிட்டுப் போயிட்டே இருப்பாங்க. லாரிக்காரர் இழக்கிறது இ.எம்.ஐ., ஆறு இழக்கிறது திரும்ப வராது.

ஆனா கதவை முழுசா மூடினா என்ன ஆகும்? வண்டிகள் சேர்ந்துட்டே போகும். பறிமுதல் நடவடிக்கையோ அதோட வேகத்துலதான் போகும். அடுத்த வருஷங்கள்ல உயர் நீதிமன்றத்துக்கு மனு மேல மனு வந்துச்சு. டெபாசிட், பத்திரம்னு நிபந்தனை விதிச்சு விடுவிக்கிற உத்தரவுகள் திரும்பவும் வந்துச்சு. ஏன்னா, நிக்க வச்ச வண்டி ஆத்துக்கும் பிரயோஜனம் இல்ல. துருப்பிடிச்ச லாரியை அரசு ஏலம் விட்டா பழைய இரும்பு விலைதான் வரும்.

மாட்டு வண்டிக்கு இது இன்னும் கூர்மையாகுது. திருவையாறு, பாபநாசம் பக்கம் ஒரு மாட்டு வண்டி பிடிபட்டா, வண்டியை ஸ்டேஷன்ல நிறுத்தலாம். மாட்டை? 1871-ல கேட்ட அதே கேள்வி, மாட்டுக்குத் தீவனம் யார் போடுவா?

2024-க்குப் பிறகு

2024 ஜூலை 1-ல இருந்து பழைய நடைமுறைச் சட்டத்தோட இடத்துல பி.என்.எஸ்.எஸ். வந்துச்சு. 451 இப்போ 497, 457 இப்போ 503. நம்பர் மட்டும் மாறல. பொருள் கோர்ட் முன்னாடி வந்த 14 நாளுக்குள்ள அதைப் பத்தின விவர அறிக்கை தயாராகணும். போட்டோ எடுக்கணும், தேவைப்பட்டா வீடியோவும். அந்த அறிக்கையும் போட்டோவும் விசாரணையில சாட்சியமா செல்லும். அறிக்கை முடிஞ்சு 30 நாளுக்குள்ள, பொருளைக் கொடுக்கிறதா, விற்கிறதா, பறிமுதலா, அழிக்கிறதான்னு உத்தரவு போடணும். 2002-ல தீர்ப்பா சொன்னது 22 வருஷம் கழிச்சு சட்டத்துக்குள்ளயே வந்துடுச்சு. 1923-ல இருந்து இல்லாத ஒண்ணு, அதாவது கெடு, இப்போ இருக்கு.

2025 ஜனவரியில உச்ச நீதிமன்றம் ஒரு அசாம் லாரி வழக்குல இன்னொரு படி போச்சு. போதைப்பொருள் வழக்குல பிடிபட்ட வண்டியா இருந்தாலும், இடைக்காலமா உரிமைக்காரர்கிட்ட விடுறதுக்குச் சட்டத்துல முழுத் தடை எதுவும் இல்ல, சூழ்நிலையைப் பார்த்து முடிவு பண்ணணும்னு சொல்லிச்சு.

என்னோட கருத்தைச் சொல்லிடறேன். ஆத்தைக் காப்பாத்தணும்னா தேவை வேகமான பறிமுதல் விசாரணை. தொடர்ந்து தப்பு பண்றவரோட வண்டியை, அவர் தரப்பைக் கேட்டு, சீக்கிரமா, உத்தரவு போட்டே எடுக்கணும். முதல் தடவை மாட்டினவரோட வண்டி, போட்டோ எடுத்த கையோட, அவர் தாங்கக்கூடிய நிபந்தனையில வீட்டுக்குப் போகணும். ரெண்டையும் செய்யாம வாசல்ல நிறுத்தி வச்சா, பெரிய முதலாளி புது வண்டி வாங்கிடுவார். சின்ன வண்டிக்காரர் மட்டும் தீர்ப்புக்கு முன்னாடியே தண்டனையை அனுபவிச்சு முடிச்சிருப்பார். அப்புறம் விடுதலைன்னு தீர்ப்பு வந்தா, அவர் வாங்கிட்டுப் போறது வண்டி இல்ல, சேஸிஸ்.

கடைசியா, உங்க பைக்கோ உங்க சித்தப்பாவோட டிராக்டரோ எந்த வழக்குலயாவது மாட்டினா, மூணு கேள்வி கேளுங்க. எஃப்.ஐ.ஆர். எந்தச் சட்டத்துல, எந்தப் பிரிவுல? சொத்துப் பட்டியல் கோர்ட்டுக்குப் போயிடுச்சா, நம்பர் என்ன? பறிமுதல் நோட்டீஸ் ஏதாவது வந்திருக்கா? மூணாவது கேள்விக்கு 'இல்ல'ன்னு பதில் வந்தா, பேப்பர்ல என்ன தலைப்பு போட்டிருந்தாலும் சரி, வண்டி இன்னும் உங்களோடதுதான். வக்கீலைப் பார்த்து, நாள் கடத்தாம மனு போடுங்க.

அடுத்த எபிசோடுல சந்திப்போம்.